அடுத்தவர் பை

கூக்கால் ஏரித் திருப்பத்தில் ஜீப்பை நிறுத்தி அமானுல்லா ஹாரனை அழுத்தினார். ஒருவரும் வரவில்லை. பனிமூட்டமாக மஞ்சு இறங்கியிருந்தது, எதிரே இருந்த நிழற்குடைகூடச் சரியாகத் தெரியவில்லை. ஆனாலும் அங்கே ஆட்கள் நிற்பது அவருக்குத் தெரியும். யாரோ இருமினார்கள், பீடிப் புகை வந்தது, ஊர்க்காரி கண்மணியின் பேச்சுக்குரல் கேட்டது, பிறகு நின்றது. அத்தனை பேரும் பஸ்ஸுக்கு நிற்கிறார்கள். பஸ் வந்தால் வரும், வழியில் மரம் விழுந்தால் வராது. அதை நம்பி நிற்பார்களாம், கண்ணெதிரே நிற்கிற ஜீப்பில் ஏறமாட்டார்களாம்.

முன்பெல்லாம் இந்த ஹாரன் கேட்டால் போதும், ஓடி வருவார்கள். ஏறுகிறவர்கள் பாதி, சாமான் கொடுத்துவிடுகிறவர்கள் பாதி. ஹாஸ்டல் பிள்ளைக்குச் சோறு, கடைக்குப் பூண்டு, தைக்கப் போகிற செருப்பு, ஒரு தடவை கூடைக்குள் உயிரோடு ஒரு கோழி. சீட்டில் பையை வைத்துவிட்டுப் பேரை மட்டும் சொல்லுவார்கள். கொடைக்கானலில் அந்தப் பேருக்குரியவர் கையில் அமானுல்லா சேர்த்துவிடுவார். உள்ளே என்ன என்று கேட்டதே கிடையாது. "அடுத்தவுக பைக்குள்ள கண்ண விடுறவனுக்கு ஜீப்பு எதுக்கு?" என்பார். அதில் அவருக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு.

அந்தக் கர்வம்தான் அவரை மாட்டிவைத்தது. அதே ஊரில் பாலமுருகன் நடத்துகிற ஹோம்ஸ்டேயில் தங்கிப்போன யாரோ ஒருவன் ஒரு பையை மறந்துவிட்டுப் போனான். பாலமுருகன் அதை ஜீப்பில் வைத்து, பஸ் ஸ்டாண்டில் ஒருத்தர் வந்து வாங்கிக்கொள்வார் என்றான். அமானுல்லாவும் கொடுத்துவிட்டு வந்தார். பிற்பாடு அந்த ஆளை வெளியூரில் ஏதோ தீவிரவாத வழக்கில் பிடித்தார்களாம். விசாரிக்க வந்தவர்கள் பாலமுருகனிடம் அவன் வீட்டிலேயே, அவன் மனைவி போட்ட டீயைக் குடித்துக்கொண்டே பேசிவிட்டு எழுந்தார்கள். அமானுல்லாவை வேனில் ஏற்றி மதுரைக்குக் கொண்டுபோனார்கள்.

"பைல என்ன இருந்துச்சு?"

"தெரியாதுங்க சார்."

"தெரியாம எப்படிய்யா தூக்கிட்டுப் போன?"

"நாங்க கேக்குறதில்லீங்க சார்."

"நாங்கன்னா யாரு? யார் யாரு?"

விடிய விடிய இதே கேள்வி. கடைசியில், பையில் இருந்தது அழுக்குத் துணியும் போன் சார்ஜரும்தான் என்று அவர்களே சொல்லி, கையெழுத்து வாங்கிக்கொண்டு விட்டார்கள். ஜீப்பை டி.வி.யில் திரும்பத் திரும்பக் காட்டினார்கள். அழுக்குத் துணி என்று எவனும் சொல்லவில்லை. மனைவி சுலைகா டி.வி. ஒயரைப் பிடுங்கிப் போட்டாள். அது இன்னும் தரையில்தான் கிடக்கிறது.

மஞ்சுக்குள்ளிருந்து உபகாரம் வந்தார். தோட்டத்தில் கேரட் பயிர் போடுகிறவர். மனைவி லீமா குடல்வால் வெடித்து ஆபரேஷனாகி, வாரக்கணக்கில் கொடைக்கானல் ஆஸ்பத்திரியில் படுத்திருக்கிறாள். கையில் டிபன் கேரியரோடு பஸ் வரும் பக்கம் ஒரு தரம் பார்த்தார், பிறகு ஜீப்பைப் பார்த்தார்.

"பாய், பஸ்ஸக் காணோம். கஞ்சி ஆறிப்போகுது."

பாய்! இத்தனை வருஷமும் 'ஜீப்பண்ணே' என்று கூப்பிட்ட வாய். மதுரையிலிருந்து திரும்பியதிலிருந்து ஊருக்கே அவர் பாய் ஆகிவிட்டார். அமானுல்லாவுக்குச் சுருக்கென்றது. ஆனால் நீட்டிய கேரியரைப் பார்த்ததும் அது போன இடம் தெரியவில்லை.

"குடுங்க உபகாரம். வெரசாக் கொண்டு சேத்துடுறேன்."

"நானே வந்துருவேன். தோட்டத்துல சோலி கெடக்கு..."

"அட, எனக்குத் தெரியாதா? போங்க."

வேறு ஒருவரும் ஏறவில்லை. பரவாயில்லை. இந்தக் கேரியர் ஒழுங்காகப் போய்ச் சேரட்டும், நாளைக்கு இன்னொருத்தர் நம்பிக் கொடுப்பார், அதற்கடுத்து ஏறி உட்காருவார்கள். கேரியர் ஆடாமலிருக்கத் தன் துண்டைச் சுருட்டி முட்டுக் கொடுத்தார். வளைவுகளில் பிள்ளைத்தாய்ச்சியை ஏற்றிப்போகிற மாதிரி ஓட்டினார். பேச ஆளில்லாத ஜீப்பில் அந்தக் கேரியரே துணையாக இருந்தது.

பூம்பாறை தாண்டியதும் போலீஸ் தடுப்பு. அந்த வழக்குக்குப் பிறகு போட்டது. முன்னால் போன டூரிஸ்ட் கார்களுக்குக் கையை ஆட்டி வழிவிட்ட போலீஸ்காரர் ஜீப்பை நிறுத்தினார்.

"பேரு?"

"அமானுல்லாங்க."

"ஓரங்கட்டு. என்ன அது?"

தெரியாதுங்க என்று நாக்கு நுனிவரைக்கும் வந்துவிட்டது. அமானுல்லா அதை விழுங்கினார். "கஞ்சிங்க சார். ஆஸ்பத்திரிக்கு."

போலீஸ்காரர் கேரியரை பானட்மேல் வைத்து அடுக்கடுக்காகப் பிரித்தார். துவையலை முகர்ந்தார். சட்டைப் பையிலிருந்த பேனாவை எடுத்துக் கஞ்சிக்குள் விட்டுக் கிண்டினார். அப்புறம் பேனாவை அமானுல்லாவின் துண்டிலேயே துடைத்துக்கொண்டார். அடுக்குகளைக் கைக்கு வந்த வரிசையில் மாட்டி நீட்டி, "போ" என்றார்.

லீமா சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். "வாங்கண்ணே" என்று சிரித்தாள். ஆஸ்பத்திரியில் இருந்தவளுக்குப் பாய் என்று கூப்பிட இன்னும் பழக்கமாகவில்லை. கேரியரைத் திறந்தவளின் சிரிப்பு நின்றது. உபகாரம் எப்போதும் கஞ்சியை அடியடுக்கில்தான் வைப்பார். இப்போது அது மேலே இருந்தது, ஏடு கலைந்து ஓரமெல்லாம் வழிந்து.

"யாருண்ணே தொறந்தது?"

போலீஸ் என்று சொல்லிவிடலாம். சொன்னால் சாயங்காலத்துக்குள் கூக்காலுக்குத் தெரிந்துவிடும். போலீஸ் நிறுத்திச் சோதிக்கிற ஜீப் என்று தெரிந்தபிறகு எவன் ஏறுவான்? எவன் பை கொடுப்பான்?

"நாந்தாம்மா" என்றார். "சிந்துதேன்னு தொறந்து பாத்தேன்."

"நீங்களா?"

"ஆமாம்மா."

அவள் மூடியைப் போட்டாள். "அப்புறமாக் குடிக்கிறேன்" என்று கேரியரைக் கட்டிலுக்கடியில் தள்ளினாள். அமானுல்லா கொஞ்ச நேரம் நின்றார். யாரும் உட்காரச் சொல்லவில்லை. வாழ்க்கையில் செய்யாத ஒன்றைச் செய்தேன் என்று சொல்லிவிட்டு, அவர் படியிறங்கினார்.

மறுநாள் காலையிலும் பஸ் வரவில்லை. உபகாரம் கேரியரோடு வந்தார், முகம் பார்க்காமல் அதை சீட்டில் வைத்தார். கேரியரின் கொண்டியில் சூட்கேசுக்குப் போடுகிற சின்னப் பூட்டு தொங்கியது.

"தப்பா எடுத்துக்கிடாதீங்க பாய். அவ நேத்து கஞ்சியே குடிக்கலயாம்."

"சாவி?"

"நேத்து சாயங்கால பஸ்ல தண்டாயுதபாணி கண்டக்டர்ட்ட குடுத்துவிட்டேன். லீமாட்ட இருக்கு."

பூட்டைப் பார்த்த தைரியத்திலோ என்னவோ, கண்மணியும் சாலையைத் தாண்டி வந்தாள். ஹாஸ்டலில் இருக்கும் மகளுக்கு ஒரு பை. கோணி ஊசியால் வாயை நெருக்கித் தைத்திருந்தாள். "செலினாட்ட குடுத்துருங்க பாய்" என்று கேரியருக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுத் திரும்ப ஓடினாள். எத்தனையோ நாளுக்குப் பிறகு சீட்டில் இரண்டு பேர் சாமான். ஆனால் சந்தோஷப்பட அவரால் முடியவில்லை. பூம்பாறைத் தடுப்பு அவர் மனசில் நின்றது. வேண்டாம் என்று திருப்பிக் கொடுத்தால் இனி ஒருத்தரும் இந்த ஜீப் பக்கம் வரமாட்டார்கள். கியரைப் போட்டார்.

பூம்பாறை தாண்டும்போது வெயில் வந்துவிட்டது. டூரிஸ்ட் வேன் ஒன்று பாட்டுச் சத்தத்தோடு தடுப்பைக் கடந்து போயிற்று. பின்னால் வந்த ஜீப்பைக் கண்டதும் நேற்றைய போலீஸ்காரர் சாலையின் நடுவுக்கு வந்து கையை உயர்த்தினார்.

அமானுல்லா பிரேக்கை மிதித்தார். பக்கத்து சீட்டில் அந்தச் சின்னப் பூட்டு ஆடி, கேரியரில் டக் டக்கென்று தட்டியது.

"தொற" என்றார் போலீஸ்காரர்.