ஒளிபரப்பு நாளின் வாழ்த்துகள்

என் கணவர் தொலைக்காட்சி வினாடி வினா நிகழ்ச்சிகளில் தொடர்ந்து வென்றுவந்தவர். விடைகளை அறிந்திருப்பது போட்டிக்கு வரும் எல்லோருக்கும் ஓரளவு இயல்வதே. அவருடைய திறமை வேறு. கேள்வி எங்கே போய் முடியும் என்பதைப் பாதியிலேயே கணித்து, மற்றவர்களுக்கு முன் பொத்தானை அழுத்திவிடுவார்.

பயிற்சிக்காகச் சாப்பாட்டு மேசையில் ஓர் அழைப்புமணியைப் பொருத்தியிருந்தார். நான் காய் நறுக்கிக்கொண்டே கேள்விகளை வாசிப்பேன்.

"பாலூட்டிகளில் பறக்கக்கூடிய..."

மணி அடிக்கும். "வௌவால்!"

"முடிக்கத்தான் விடுங்களேன்."

"நீ மூச்சு இழுக்கும்போதே தெரிஞ்சிடுச்சும்மா."

அவருடைய அக்கா அவருக்கு 'அவசரக்குடுக்கை' என்றே பெயர் வைத்திருந்தார்.

இறுதிச்சுற்றின் ஒளிப்பதிவும் என்னுடைய ஸ்கேனும் ஒரே நாளில் அமைந்துவிட்டன. திருமணமாகி நெடுங்காலம் கழித்துத் தரித்த கரு அது. எங்கள் இருவரைத் தவிர யாருக்கும் சொல்லியிருக்கவில்லை. காலையில் அவர் பயிற்சி செய்யட்டும் என்று நான் தனியாகவே மருத்துவமனைக்குச் சென்றேன். மருத்துவர் கருவியை வயிற்றின் மீது நெடுநேரம் நகர்த்திப் பார்த்தார். பிறகு திரையைத் தம் பக்கமாகத் திருப்பிக்கொண்டார்.

வீடு திரும்பியபோது தொலைக்காட்சி நிலையத்தின் கார் வாசலில் காத்திருந்தது. அவர் சட்டைக்குப் பொத்தான் போட்டுக்கொண்டிருந்தார்.

"ஏங்க, டாக்டர் பார்த்தாங்க. குழந்தையோட இதயத்துடிப்பு..."

"கேட்டுச்சா! குதிரை ஓடற மாதிரி இருக்குமாமே!" என்று மேசை மணியை அழுத்தினார். அது வீடெங்கும் ஒலித்தது. அவர் கண்கள் நிறைந்திருந்தன. என் வாயில் மீதி வாக்கியம் அப்படியே நின்றது. அந்த முகத்தைப் பார்த்தபின் அதை எப்படி முடிப்பது என்று எனக்குத் தெரியவில்லை.

காரில் ஓட்டுநரும் நிலையத்து ஒருங்கிணைப்பாளரும் உடனிருந்தார்கள். ஒளிப்பதிவு முடியட்டும், பிறகு சொல்லிக்கொள்ளலாம் என்று கைப்பையை மடியில் இறுக்கிக்கொண்டேன்.

அரங்கில் தொகுப்பாளர் வழக்கமான நலம் விசாரிப்பைத் தொடங்கினார். "இன்னைக்கு ரொம்ப உற்சாகமா இருக்கீங்களே! என்ன விசேஷம்?"

"அப்பா ஆகப்போறேங்க" என்றார் அவர்.

அரங்கமே கைதட்டியது. கேமரா என்னை நோக்கித் திரும்பியது. நான் சிரித்தேன், வேறென்ன செய்திருக்க முடியும்? அன்று அவர்தான் வென்றார்.

ஒப்பனை அறைக்கு வெளியே, நடைபாதையில், முகத்துப் பவுடரோடு நின்றவரிடம் காலையில் நின்றுபோன வாக்கியத்தை முடித்தேன்: "...கேட்கலைங்க." அவர் கோப்பையை நாற்காலியின் மேல் வைத்துவிட்டு, நேராகத் தயாரிப்பாளரிடம் போனார்.

"அந்தப் பேச்சை மட்டும் எடுத்துடுங்க சார்."

"சார், ஜனங்க ரசிச்ச இடமே அதுதான். சரி, எடிட்டர்கிட்ட சொல்லிப் பார்க்கறேன்" என்றார் தயாரிப்பாளர். காரணத்தை அவரிடம் சொல்ல என் கணவருக்கு நா எழவில்லை.

ஒளிப்பதிவுக்கும் ஒளிபரப்புக்கும் நடுவே சில வாரங்கள் இருக்கும். அதற்குள் எனக்குச் சிகிச்சை முடிந்திருந்தது. நான் வேலைக்கும் போகத் தொடங்கிவிட்டேன். ஒளிபரப்பு நாளன்று எங்கள் தொலைக்காட்சியை நாங்கள் போடவேயில்லை. ஆனால் பக்கத்து வீட்டில் போட்டிருந்தார்கள். சுவர் வழியாக அந்தக் கைதட்டல் கேட்டது. அந்தப் பகுதியை எடுத்துவிடவில்லை என்று தெரிந்துகொண்டோம்.

சற்று நேரத்தில் அவருடைய கைபேசி ஒலித்தது. அவருடைய அக்கா. மாவு பிசைந்துகொண்டிருந்த எனக்கும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டார்.

"டேய் அவசரக்குடுக்கை! பெத்த அம்மா மாதிரி வளர்த்தவகிட்ட சொல்லாம ஊருக்கே டமாரம் அடிச்சிட்டியேடா! உன் பொண்டாட்டி சிரிப்பைப் பார்த்தேன், கண்ணு கலங்கிடுச்சு. அவளைக் கனமா எதையும் தூக்க விடாதே. மாசாமாசம் டாக்டர்கிட்ட நானே வந்து கூட்டிட்டுப் போறேன். என்னடா, லைன்ல இருக்கியா?"

அக்கா பேசிய எதையும் அவர் இடைமறிக்கவில்லை.

"இருக்கேன்க்கா."

ஸ்பீக்கரை அணைத்தார். சுவர்ப்பக்கம் திரும்பி நின்றுகொண்டு, தாழ்ந்த குரலில் சொல்லத் தொடங்கினார். நான் அடுப்பை அணைத்துவிட்டு அவர் முதுகுக்குப் பின்னால் போய் நின்றேன். மறுமுனையில் அக்கா அழுவது எனக்கும் கேட்டது. அதற்குள் என் கைபேசியும் ஒலித்தது, அலுவலகத் தோழி. அதை வைப்பதற்குள், யாரோ வாசற்கதவைத் தட்டினார்கள்.