அரைப்புள்ளி

1998இல் காரைக்குடிக் கம்ப்யூட்டர் சென்டர் ஒன்றில் எனக்கு டைப்பிங் வேலை. நகரத்தார் கோயில் ஒன்றின் புள்ளிப் பட்டியல், அதாவது குடும்பக் கணக்கு, வந்தது. அவர்களுக்குத் தம்பதி ஒரு புள்ளி, ஒருவர் போய்விட்டால் மிஞ்சியவர் அரைப்புள்ளி. மாதா கோயிலுக்குப் போகிற பெல்சி எனக்கு இதெல்லாம் எங்கே தெரியும்? அரைப்புள்ளி என்று பள்ளிக்கூடத்தில் எனக்குச் சொல்லித்தந்தது ஒரு குறியைத்தான்.

'சோமு அரைப்புள்ளி சீதை காலமானார்' என்று எழுதியிருந்தார்கள். 'சோமு; சீதை' என்று அடித்தேன். இரண்டு பேராயிற்றே என்று 'காலமானார்கள்' எனத் திருத்தியும் வைத்தேன். தமிழில் நல்ல மார்க் வாங்கிய திமிர். பட்டியல் இமெயிலில் அமெரிக்கா வரை போய்விட்டது.

பத்து நாள் கழித்துத்தான் தப்பு தெரிந்தது. மன்னிப்புக் கேட்க அமராவதிபுதூருக்கு பஸ் ஏறினேன். அவ்வளவு பெரிய வீட்டில் சோமு செட்டியார் தனியாக, போனுக்குப் பக்கத்தில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். பட்டியல் அவருக்கும் வந்திருந்தது.

"அரையா இருந்தேன், அதையும் அழிச்சுட்டியே ஆத்தா" என்று சிரித்தார்.

"இன்னைக்கே மாத்தி அனுப்பிடுறேங்கய்யா."

"மாத்தாத. மகன் அமெரிக்காவுல இருந்து பேசி ஆறு மாசமாச்சு. இதுக்காவது பேசுவான்ல? நான் இல்லாம அப்பச்சிக்குக் கொள்ளி வச்சது யாருன்னு சண்டைக்கு வருவான் பாரு."

பத்து நாளாக வராத சண்டை. அந்த மகனை ஓங்கி அறைய வேண்டும் போலிருந்தது எனக்கு.

நான் கிளம்பும்போது போன் அடித்தது. அவர் முகம் மலர்ந்ததைப் பார்க்க வேண்டுமே! "நான் செத்தவனாச்சே, நீ எடு" என்று கண்ணடித்தார்.

எடுத்தேன். "ஆதித்தன் பேசுறேன், கலிஃபோர்னியாவுல இருந்து. அப்பச்சி தவறிட்டாகன்னு மெயில்ல பாத்தேன். வீட்டுச் சாவி யார்ட்ட இருக்கு?"

செட்டியார் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "அழுகுறானா?" என்று வாயசைத்தார்.

ஆமாம் என்று ஒரு பொய் சொல்லியிருக்கலாம். வாய் வரவில்லை. ரிசீவரை அவரிடம் நீட்டினேன். மகனின் குரல் எனக்கும் கேட்டது.

"ஹலோ, சாவிங்க, சாவி. யார்ட்ட இருக்கு?"

"என்கிட்டதான் இருக்கு" என்றார்.

"நீங்க யாரு?"

தன் குரலை மகன் கண்டுபிடிக்கக் கொஞ்ச நேரம் கொடுத்தார். பிறகு, "வாட்ச்மேனுங்க" என்றார்.

மகன் நம்பிவிட்டான். பத்திரமாகப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு வைத்தான்.