ம் கொட்ட ஒரு ஆள்

தமிழ்வாணிக்கு வாய்விட்டுப் பேசினால்தான் யோசனை ஓடும். கல்லூரியில் படிக்கும்போதே அப்படித்தான். கணக்கைச் சுவரிடமாவது சொல்லிப் பார்த்தால்தான் விடை வரும். வேலைக்குச் சேர்ந்த இடத்தில் அவளுக்கு முனீஸ்வரி கிடைத்தாள். அதன்பின் சுவருக்கு வேலையில்லாமல் போனது.

இரண்டு பேரும் ஒரு சின்ன மென்பொருள் கம்பெனியில் புரோகிராமர்கள். டயாலிசிஸ் மையங்களில் எந்த நோயாளிக்கு எந்த நாள், எந்த நாற்காலி என்று பதிந்து வைக்கிற மென்பொருள்தான் அவர்களுடைய பொறுப்பு. வேலை வீட்டிலிருந்தேதான். வாணி மதுரை ஆனையூரில் மாடி வீட்டுப் பின்னறையில் உட்கார்ந்திருப்பாள். முனீஸ்வரி கோச்சடையில் வாடகை அறையில். காலையில் அழைப்பைப் போட்டால் சாயங்காலம் வரை அது அணையாது. ஒரே திரையை இருவரும் பார்ப்பார்கள். ஒருத்தி எழுத, இன்னொருத்தி கேட்டுக்கொண்டிருப்பாள். பல நேரம் பேச்சே இருக்காது. அந்தப் பக்கம் மின்விசிறி சுற்றுவதும் டம்ளர் வைக்கிற சத்தமும்தான் கேட்கும். வாணி மனசில் ஓடுவதை உளறிக்கொண்டே போவாள். முனீஸ்வரி "ம்… ம்…" என்பாள். திடீரென்று ஒரு இடத்தில் அந்த "ம்" நின்றுவிடும். நின்றால் அங்கே ஏதோ தப்பு என்று அர்த்தம். வாணி திரும்பிப் போய்ப் பார்ப்பாள். தப்பு இருக்கும்.

அப்படி எழுதிய வேலைதான் ஒருநாள் அவர்களைக் கவிழ்த்தது. மாசக் கடைசித் தேதியில் வரவேண்டிய சிலரை மென்பொருள் மறுநாளுக்குத் தள்ளிவிட்டது. எங்கோ ஒரு மையத்தில் ஒரு பெரியவர் வந்து நின்றிருக்கிறார். "உங்களுக்கு நாளைக்குத்தான் ஐயா" என்று சொல்லித் திருப்பி அனுப்பிவிட்டார்கள். வீட்டுக்குப் போனவருக்கு மூச்சு முட்டி, ஐ.சி.யூ.வில் சேர்த்துவிட்டார்கள். நல்லவேளை, பிழைத்துக்கொண்டார்.

கம்பெனியில் யாரும் கத்தவில்லை. "அதை ரெண்டு பேரும் சேர்ந்துதான் எழுதினோம்" என்று கூட்டத்தில் வாணியே சொன்னாள். கோளாறைச் சரிசெய்தார்கள், எல்லோரும் அடுத்த வேலைக்குப் போய்விட்டார்கள். வாணிக்கும் கொஞ்ச நாள் சோறு இறங்கவில்லை, பிறகு இறங்கியது. முனீஸ்வரிக்கு அப்படி இல்லை. எழுதியதையே திரும்பத் திரும்பப் படிப்பாள். எல்லாம் சரியாக இருக்கும். ஆனால் அனுப்புகிற பட்டனை அமுக்கக் கை வராது. "நீ அமுக்குடி" என்பாள். வாணி அமுக்குவாள். அந்தப் பக்கம் விசும்பல் கேட்கும். கடைசியில் ஒரு நாள் காலையில் அழைப்பைப் போட்டபோது, "வாணி, நான் பேப்பர் போட்டுட்டேன். ஊருக்குப் போறேன்" என்றாள். உசிலம்பட்டிக்குப் போய் அண்ணனோடு மாட்டுத்தீவனக் கடையில் உட்கார்ந்துவிட்டாள்.

அவளிடத்துக்குக் கம்பெனி ஆள் போடவில்லை. ஏஐ ஒன்றைக் கொடுத்து, இனி இதை வைத்துப் பாருங்கள் என்றார்கள். குறை சொல்ல முடியாது, வேலை வேகமாகத்தான் நடந்தது. கேட்ட மாத்திரத்தில் பக்கம் பக்கமாகப் பதில் வந்துவிடும். "இது தப்பு" என்றால், நீங்கள் சொல்வது மிகவும் சரி என்று உடனே ஒத்துக்கொள்ளும். முனீஸ்வரி ஒருநாளும் அப்படி ஒத்துக்கொண்டதில்லை, அரைமணி நேரமாவது மல்லுக்கு நிற்பாள். வாணி சில நாள் பழக்கத்தில் ஹெட்செட்டை மாட்டிக்கொள்வாள். உள்ளே ஒன்றும் கேட்காது. கழற்றி வைத்துவிட்டு ஜன்னலைப் பார்த்தபடி இருப்பாள்.

கணவன் அருண்பாண்டி மின்வாரியத்தில் வேலை பார்ப்பவன். அவள் முகத்தைப் பார்த்துவிட்டு ஒருநாள், "எங்கிட்ட சொல்லு, நான் கேக்குறேன்" என்று எதிரே உட்கார்ந்தான். அவளும் சொன்னாள். கொஞ்ச நேரம் உருப்படியாகத்தான் கேட்டான். பிறகு, "ஆப் பண்ணி ஆன் பண்ணிப் பாத்தியா?" என்றான். சிரித்துவிட்டாள். அன்று குளியலறையில் தண்ணீரைத் திறந்துவிட்டுக் கொஞ்சம் அழவும் செய்தாள். இதற்கு என்ன பேர் என்று அவளுக்கே தெரியவில்லை. யாரும் சாகவில்லை, காதல் தோல்வியும் இல்லை. கூட வேலை பார்த்தவள் வேலையை விட்டுப் போனாள், அவ்வளவுதான். யாரிடம் சொன்னாலும், அதுக்கு எதுக்கு இம்புட்டு வருத்தம் என்றுதான் கேட்பார்கள்.

அந்தச் சமயத்தில்தான் மையங்களிலிருந்து ஒரு புகார் வந்தது. நாற்காலி காலியாகக் கிடக்கும், கம்ப்யூட்டரோ ஆள் இருப்பதாகச் சொல்லும். வந்தவரை உட்கார வைக்க முடியாது. எப்போதாவதுதான் நடக்கும். வாணி செய்து பார்த்தால் நடக்காது. ஏஐ சொன்ன காரணங்களையெல்லாம் ஒவ்வொன்றாகப் பார்த்தும் அகப்படவில்லை. முன்பு திருப்பி அனுப்பப்பட்ட அந்தப் பெரியவர் நினைவுக்கு வந்தார். அந்தச் சனிக்கிழமை லேப்டாப்பைப் பையில் போட்டுக்கொண்டு உசிலம்பட்டிக்கு பஸ் ஏறினாள்.

கடையில் புண்ணாக்கு வாசனை மூக்கில் ஏறியது. மூட்டைகளுக்கு நடுவில் முனீஸ்வரி நின்றிருந்தாள். உடம்பு தேறியிருந்தது. கண்ணுக்குக் கீழே இருந்த கருப்பு போயிருந்தது. "ஏ… வாணி!" என்று ஓடிவந்து கையைப் பிடித்துக்கொண்டாள்.

கடைக்குப் பின்னால்தான் வீடு. அம்மா முத்துத்தாய் டீ கொண்டுவந்தார். "சொந்த ஊரே மதுரைதானா தாயி? யாரு வீட்டுப் புள்ள?" என்று விசாரித்தார். அந்தக் கேள்வி எங்கே போய் முடியும் என்று வாணிக்குத் தெரியும். முனீஸ்வரிக்கும் தெரியும். "அவ என் கூட்டாளிம்மா. அது போதும்" என்று டம்ளரை வாங்கி வாணி கையில் கொடுத்தாள். அம்மா இருவரையும் ஒருமுறை பார்த்துவிட்டு, "சாப்பிட்டுத்தான் போகணும்" என்று உள்ளே போனார்.

வாணி பையிலிருந்து லேப்டாப்பை எடுத்தாள். முனீஸ்வரி சட்டென்று பின்னால் நகர்ந்தாள்.

"அத உள்ள வையி."

"சும்மா பாருடி. நீ ஒண்ணும் செய்ய வேணாம்."

"வேணாம் வாணி. வையி."

வாணி வைத்துவிட்டாள். கொஞ்ச நேரம் இருவரும் டீயைக் குடித்தார்கள். பிறகு வாணிக்குப் பொறுக்கவில்லை. வெறும் வாயாலேயே சொல்லத் தொடங்கினாள். காலி நாற்காலி, ஆள் இருப்பதாகச் சொல்லும் கம்ப்யூட்டர், தான் தேடிப் பார்த்த இடங்கள். முனீஸ்வரி தரையைப் பார்த்துக்கொண்டு, "ம்… ம்…" என்றாள். எத்தனையோ நாளாகப் பூட்டிக் கிடந்த ஒன்று வாணிக்குள் திறந்துகொண்டது. பேச்சு தானாக வந்தது.

"ரிசப்ஷன்ல பேரு போட ஆரம்பிச்சதும் அந்த நாற்காலி அவங்களுக்குன்னு பிடிச்சு வச்சுக்கும். முடிக்காம விட்டா பத்து நிமிஷத்துல தானா விட்டுரும். அதுவும் சரியாத்தான் இருக்கு…"

"ம்" வரவில்லை.

வாணி நிறுத்தினாள். முனீஸ்வரி நிமிர்ந்தாள்.

"நாம ஒரு தடவ மையத்துக்குப் போனமே, ஞாபகம் இருக்கா? அந்த ரிசப்ஷன் புள்ள பேரப் பாதி அடிச்சிக்கிட்டு இருக்கும், அதுக்குள்ள வேற ஆளு வந்துருவாங்க. அப்படியே போட்டுட்டு எந்திரிச்சுப் போயிரும். ஸ்கிரீன்ல அந்தப் பக்கத்த மூடாது."

"ஆமா."

"பக்கம் தெறந்தே கெடந்தா?"

வாணி நிமிர்ந்து உட்கார்ந்தாள். "தெறந்து கெடக்குற வரைக்கும்… அந்தப் பத்து நிமிஷத்த நீட்டிக்கிட்டே போகும். நாமதான் அப்படி எழுதுனோம், நெட் விட்டு விட்டு வருதுன்னு."

"அப்ப அந்த நாற்காலிய எப்ப விடும்?"

"விடாது! அன்னைக்குப் பூரா விடாதுடி!"

இருவரும் சிரித்தார்கள். பேச்சு பேச்சாக அதை எப்படி மாற்றுவது என்று மல்லுக்கு நின்றார்கள். வாணி சொன்னதை முனீஸ்வரி மறுத்தாள், அவள் சொன்னதை இவள் மறுத்தாள். முனீஸ்வரி முகம் பழைய முகமாக இருந்தது. "பக்கம் தெறந்திருந்தாலும் பத்து நிமிஷத்துல விட்டுரும்னு மாத்துனா உண்மையிலேயே மெதுவா அடிக்கிறவங்க நாற்காலி பறிபோயிருமே. அந்த நேரம் பாத்து வேற யாராவது…" என்று சொல்லிக்கொண்டே போனவள் பாதியில் நின்றாள். டம்ளரைக் கீழே வைத்துவிட்டு இரண்டு கையையும் மடியில் இறுக்கிக்கொண்டாள்.

"முனீசு, என்னடி?"

"போதும் வாணி."

வாணி பக்கத்தில் போய் உட்கார்ந்தாள். முனீஸ்வரி மெல்லப் பேசினாள். "எனக்கும் ஆசைதான்டி. மூட்டை எடை போடுறப்பகூட மண்டைக்குள்ள எதையாவது எழுதிக்கிட்டுத்தான் இருக்கேன். இப்ப உங்கூடப் பேசுனது எம்புட்டு நல்லா இருந்துச்சு தெரியுமா? ஆனா இன்னைக்கு நான் தூங்க மாட்டேன். நம்ம சொன்னதுல யாருக்கு என்ன ஆகும்னு ஓடிக்கிட்டே இருக்கும். இப்பத்தான் தூங்கப் பழகுறேன்." கொஞ்சம் நிறுத்தி, "இதப் பேச இனிமே வராத. சும்மா வா. எப்ப வேணாலும் வா" என்றாள்.

திரும்ப வா, நாம் சேர்ந்து எழுதலாம் என்று சொல்லத்தான் வாணி வந்திருந்தாள். அதைச் சொல்லாமல் விழுங்கிக்கொண்டாள். "சரிடி" என்றாள். முத்துத்தாய் சோறு போட்டார். கருவாட்டுக் குழம்பு. சாப்பிட்டுவிட்டுக் கிளம்பினாள்.

திங்கட்கிழமை கோளாறைச் சரிசெய்தாள். முனீஸ்வரி கடைசியாகக் கேட்ட கேள்வி நியாயமானது. அதற்கும் வழி செய்தாள், நாற்காலியை விடுவதற்கு முன் 'இன்னும் வேண்டுமா' என்று திரை ஒருமுறை கேட்டுக்கொள்ளும்படி. அதன்பின் மையங்களிலிருந்து புகார் வரவில்லை. மேலாளர் பாராட்டி எழுதினார். வாணி போனை எடுத்து, "சரியாயிருச்சுடி, நீ சொன்னதுதான்" என்று முனீஸ்வரிக்கு எழுதினாள். எழுதியதைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு அழித்துவிட்டு, "ஞாயித்துக்கிழமை வாரேன்" என்று மட்டும் அனுப்பினாள். "வா வா, மாடு கன்னுக்குட்டி போட்டிருக்கு" என்று பதில் வந்தது.

போனாள். கன்றைப் பார்த்தாள். சந்தைக்குப் போய் வளையல் வாங்கினார்கள். முனீஸ்வரிக்கு வந்திருக்கிற மாப்பிள்ளையைப் பற்றிப் பேசிச் சிரித்தார்கள். நல்லபடியாகத்தான் பொழுது போனது. ஆனாலும் கோளாறு சரியாகிவிட்ட சேதியை வாணி நாள் முழுக்க வாய்க்குள்ளேயே வைத்திருந்தாள்.

சாயங்காலம் பஸ் ஸ்டாண்டு வரைக்கும் முனீஸ்வரி கூட வந்தாள். மதுரை பஸ் இன்னும் வரவில்லை. கூட்டத்தில் தோளோடு தோள் ஒட்டி நின்றார்கள்.

"வாணி, அந்த…" என்றாள் முனீஸ்வரி.

வாணி திரும்பினாள். முனீஸ்வரியின் உதடு பாதி திறந்திருந்தது. கண்ணில் கேள்வி தெரிந்தது. ஒரு வார்த்தை கேட்டால் போதும், வாணி மொத்தத்தையும் கொட்டிவிடுவாள். காத்திருந்தாள்.

முனீஸ்வரி உதட்டை மூடிக்கொண்டு ரோட்டைப் பார்த்தாள்.

"பஸ் வருது. ஜன்னல் சீட்டாப் பாத்து ஏறு" என்றாள்.

வாணி ஏறினாள். ஜன்னல் ஓரம் இடம் கிடைத்தது. பஸ் திரும்பும் வரைக்கும் கையை வெளியே நீட்டி ஆட்டிக்கொண்டே போனாள்.