ஒரு பாதி டூனா

வெண்ணெயை மாவில் உருகவிடக் கூடாது என்று அந்தச் சின்னப் புத்தகத்தில் போட்டிருந்தது. விரல் நுனியால் மட்டும் தேய்க்க வேண்டுமாம், உள்ளங்கை பட்டால் சூட்டில் இளகிவிடுமாம். ஞாயிற்றுக்கிழமை காலை பத்து மணிக்கு நான் சமையலறையில் நின்று, பத்து விரலையும் கிண்ணத்துக்குள் விட்டு, மாவு ரொட்டித்தூள் மாதிரி உதிர்கிறதா என்று பார்த்துக்கொண்டிருந்தேன். புத்தகம் ஓவனோடு வந்தது. மாடியில் இருந்தவர்கள் வீடு மாறும்போது வண்டியில் இடமில்லை என்று அந்த மின்சார ஓவனை எங்கள் தலையில் கட்டிவிட்டுப் போனார்கள். இரண்டு வருடமாக அதற்குள் வாணலிகளை அடுக்கி வைத்திருந்தேன். பதினான்காம் பக்கத்தில் இருந்தது இந்தப் பண்டம்: டூனா மீனும் சீஸும் போட்ட கீஷ். மாவைத் தட்டில் பரப்பி, ஓரத்தை உயர்த்தி, நடுவில் முட்டையும் பாலும் ஊற்றி வேகவைப்பது. நானும் அதைச் சாப்பிட்டதில்லை, என் கணவரும் சாப்பிட்டதில்லை. அதனால்தான் அதைத் தேர்ந்தெடுத்தேன்.

நான் ஒரு பள்ளிக்கூடத்தில் வேதியியல் ஆய்வக உதவியாளர். குடுவை கழுவுவது, அமிலம் அளந்து வைப்பது, பர்னர் பற்றவைப்பது எல்லாம் என் வேலை. பத்தொன்பது வருடத்தில் வேதியியல் எவ்வளவு கற்றேனோ தெரியாது, பிள்ளைகளின் கள்ளத்தனத்தைக் கரைத்துக் குடித்திருக்கிறேன். சோதனையைச் செய்யாமலே முடிவை எழுதுவார்கள். போன வருடம் படித்த அக்காவின் நோட்டு கையில் இருக்கும். விடை சரியாக இருக்கும், சோதனைக் குழாய் காய்ந்து கிடக்கும். அவர்களைப் பிடிக்க ஒரே வழி, போன வருடம் கொடுக்காத உப்பைக் கொடுப்பதுதான்.

என் கணவரும் மூன்று மாதமாகப் பழைய நோட்டைப் பார்த்துத்தான் எழுதிக்கொண்டிருக்கிறார் என்று எனக்குச் சந்தேகம். மீன் வறுத்து வைத்தால் மொறுமொறுவென்று இருக்கிறது என்பார். சூப் வைத்தால் பூண்டு வாசம் தூக்குகிறது என்பார். இருபத்திரண்டு வருடமாக என் கையால் சாப்பிடுகிறவருக்கு எதற்கு என்ன சொல்ல வேண்டும் என்று மனப்பாடம். ஒருநாள் பூண்டே போடாமல் சூப் வைத்தேன். அன்றும் பூண்டு வாசம் தூக்கியது.

இதில் சிரிக்க ஒன்றுமில்லை, ஏனென்றால் அவர் பிழைப்பே அந்த மூக்கில்தான் இருக்கிறது. எரிவாயுக் குழாய்களைச் சோதித்து, கசிவில்லை என்று கையெழுத்துப் போடுவது அவர் வேலை. அலுவலகத்தில் கசிவைக் காட்டுகிற கருவி ஒன்றே ஒன்று இருக்கிறது, அதுவும் மாதத்தில் பாதி நாள் பழுதுபார்க்கப் போய்விடும். கருவி முனகுவதற்கு முன்னால் இவர் வாசற்படியிலேயே நின்று, "அடுப்புக்குப் பின்னாடி, கீழ் வளைவு" என்று சொல்லிவிடுவார். அங்கே இவருக்கு ‘மூக்கு’ என்றுதான் பெயர். யாராலும் கண்டுபிடிக்க முடியாத கசிவென்றால் மூக்கைக் கூப்பிடு என்பார்கள். அந்தப் பெயரைச் சொல்லும்போதெல்லாம் இவர் வெட்கப்படுகிற மாதிரி பெருமைப்படுவார். மூன்று மாதத்துக்கு முன்னால் இரண்டு வாரம் காய்ச்சலில் கிடந்தார். எழுந்த பிறகு ஒருநாள் பால் அடிப்பிடித்துத் தீய்ந்த வாசனை தெருவரை வந்தது, நான் ஓடி வந்து பார்த்தால் இவர் அடுப்புக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்து பேப்பர் படித்துக்கொண்டிருந்தார். அப்புறம் இன்னொன்று. குழாய் இணைப்புகளில் தடவிக் குமிழி வருகிறதா என்று பார்க்க, சோப்புத் தண்ணீர் பாட்டில் ஒன்றை வேலைப் பையில் வைத்திருப்பார். முன்பு மூன்று மாதத்துக்கு வந்த பாட்டில் இப்போது மூன்று நாள் வருவதில்லை.

நேராகக் கேட்காமலில்லை. மூக்கு எப்படி இருக்கிறது என்று கேட்டேன். "மூக்குக்கென்ன, முகத்துலதான் இருக்கு" என்று சிரித்தார். மறுபடியும் கேட்டபோது சிரிக்கவில்லை, செருப்பை மாட்டிக்கொண்டு கடைக்குப் போய்விட்டார். சரி, வாசனை வரும்போது வரட்டும் என்று நானும் விட்டிருப்பேன். ஆனால் வியாழக்கிழமை தலைமையாசிரியை ஒரு காகிதத்தைக் கொண்டுவந்து ஆய்வகக் கதவில் ஒட்டினார். திங்கட்கிழமை எரிவாயுக் குழாய்களின் வருடாந்திரச் சோதனை. சோதிப்பவர் என்ற இடத்தில் என் வீட்டுக்காரர் பெயர். இருபத்துநான்கு பர்னர்கள், மேசைக்கு அடியிலும் அலமாரிக்குப் பின்னாலும் ஓடுகிற பழைய குழாய்கள், ஒரு வகுப்புக்கு நாற்பது பிள்ளைகள். 

அதனால் தெரியாத உப்பைக் கொடுக்க முடிவு செய்தேன். செய்வதைத் திருந்தச் செய் என்று, ஒப்பிட்டுப் பார்க்கவும் ஒரு வழி வைத்தேன். கீஷின் ஒரு பாதியில் மட்டும் டூனா. இன்னொரு பாதியில் முந்தின நாள் வேகவைத்து மிச்சமிருந்த கோழியை நார்நாராகப் பிய்த்துப் போடுவது. மேலே முட்டையும் சீஸும் மூடிவிட்டால் பார்க்க இரண்டும் ஒன்றுதான், வாயில் மெல்லவும் கிட்டத்தட்ட ஒன்றுதான். வாசனை மட்டும்தான் வேறு. எது என்ன என்று எனக்கே மறந்துவிடாமலிருக்க, டூனா இருக்கிற பக்கத்து ஓரத்தில் மட்டும் கட்டைவிரலால் அழுத்தித் தடம் வைத்துக்கொள்வது.

மாவை அரைமணி நேரம் குளிரவைத்து, தேய்த்து, தட்டில் படியவிட்டேன். அது உப்பி எழாமலிருக்க மேலே காகிதம் போட்டு, காய்ந்த பயற்றைக் கொட்டி, வெறும் மாவை முதலில் கொஞ்சம் வேகவைக்க வேண்டும். சாப்பிடப் போகாத பயற்றை எதற்கு வேகவைக்கிறேன் என்று யாராவது கேட்டிருந்தால் பதில் சொல்லத் திணறியிருப்பேன். ஆனாலும் அது எனக்குப் பிடித்திருந்தது. டூனா டப்பாவைத் திறந்து எண்ணெயை வடித்ததும் வாசனை வீடு முழுக்கப் பரவியது. கூடத்தில் இருந்தவர் ஒன்றும் கேட்கவில்லை. காலி டப்பாவைக் குப்பைக்கூடையில் போட்டு, மேலே ஒரு பேப்பரை மடித்து வைத்து மூடினேன். வெங்காயம் வதக்கிப் பரப்பி, ஒரு பாதியில் டூனாவும் மறுபாதியில் கோழியும் போட்டு, மூன்று முட்டையும் ஒரு டம்ளர் பாலும் கொஞ்சம் கிரீமும் அடித்து ஊற்றி, மேலே சீஸைத் துருவிப் போட்டு ஓவனுக்குள் தள்ளினேன். பிறகு நாற்பது நிமிடம் கண்ணாடிக்கு முன்னால் குத்துக்காலிட்டு உட்கார்ந்திருந்தேன். முதலில் ஒன்றுமே நடக்கவில்லை. பிறகு ஓரம் மெல்ல எழும்பியது, சீஸ் கொப்புளம் விட்டுச் சிவந்தது, நடு மட்டும் கடைசிவரை தளதளவென்று ஆடியது. எதற்காகச் செய்கிறேன் என்பதே கொஞ்ச நேரம் மறந்துபோனது.

ஒரு மணிக்கு என் நாத்தனார் வந்தாள். நான்தான் கூப்பிட்டிருந்தேன். அழகு நிலையத்தில் வேலை, நாளெல்லாம் மற்றவர்களிடம் அழகாக இருக்கிறீர்கள் என்று பொய் சொன்னாலும், சாப்பாட்டு விஷயத்தில் மட்டும் பொய்யே சொல்ல வராது அவளுக்கு. சாவு வீட்டில் கொடுத்த காபியையே தண்ணீர் என்றவள். எனக்கு ஒப்பிட்டுப் பார்க்க இன்னொரு நாக்கு வேண்டும், அதுவும் நீளமான நாக்கு. மூன்று பேரும் மேசையில் உட்கார்ந்தோம். இருவருக்கும் கோழிப் பக்கத்தில் ஆளுக்கொரு துண்டு வெட்டி வைத்தேன். நாத்தனார் ஒரு வாய் வைத்துவிட்டு, புருவத்தைத் தூக்கி, ஏதோ சொல்ல வாயெடுத்தாள். அதற்குள் இவர் முந்திக்கொண்டார்.

"டூனா அருமையா இருக்கு. வாசனையே தூக்குது."

மேசைக்கு அடியில் நாத்தனாரின் காலை மிதித்தேன். அவள் என்னைப் பார்த்தாள், அண்ணனின் தட்டைப் பார்த்தாள், மறுபடி என்னைப் பார்த்தாள். நாக்கு நீளமானாலும் புத்தி கூர்மை. அந்த வாயை மென்று விழுங்கிவிட்டு, உப்பு சரியாக இருக்கிறது என்று மட்டும் சொன்னாள். சாப்பிட்டு முடித்ததும் வேலையிருப்பதாகக் கிளம்பிவிட்டாள். வாசலில் என் கையை ஒருமுறை அழுத்தினாள்.

டூனா என்று இவருக்கு எப்படித் தெரியும்? நான் சொல்லவில்லை. சமையலறைக்குப் போய்க் குப்பைக்கூடையைத் திறந்தேன். பேப்பர் விலகியிருந்தது, டப்பா பெயர் தெரியும்படி மேலே கிடந்தது. நான் குளிக்கப் போன நேரத்தில் வந்து பார்த்திருக்கிறார். கோழிக்கு டப்பா இல்லை, அதனால் அது அவருக்குத் தெரியவில்லை. நாற்பத்தொன்பது வயது மனிதர், மனைவி என்ன சமைக்கிறாள் என்று தெரிந்துகொள்ளக் குப்பையைக் கிளறியிருக்கிறார். கையும் களவுமாகப் பிடித்த சந்தோஷம் வரும் என்று நினைத்திருந்தேன், வரவில்லை. அவரை நினைத்து நெஞ்சு வலித்தது, உடனே கோபமும் வந்தது.

டூனாப் பக்கத்திலிருந்து ஒரு துண்டை வெட்டிக்கொண்டுபோய் அவர் தட்டில் வைத்தேன்.

"இதுதான் டூனா. நீங்க சாப்பிட்டது கோழி."

அவர் துண்டைப் பார்த்தார். ஓரத்தில் என் கட்டைவிரல் தடத்தையும் பார்த்தார். மறுக்கப் போகிறார் என்று நினைத்தேன். எத்தனை நாளாகத் தெரியும் என்று கேட்டார். பாலையும் பூண்டையும் சோப்புத் தண்ணீரையும் சொன்னேன். சோப்புத் தண்ணீர் என்றதும் நிமிர்ந்தார்.

"அது பொய் சொல்லாது. ஒவ்வொரு ஜாயின்ட்டா தடவிப் பார்த்துட்டுதான் கையெழுத்துப் போடுறேன்."

"தடவின இடத்துல சொல்லும். எங்க தடவணும்னு எது சொல்லும்?"

அவர் மேசை விரிப்பின் ஓரத்தை மடித்து மடித்துப் பிரித்தார். பிறகு தானாகவே சொல்ல ஆரம்பித்தார். போன மாதம் ஒரு வீடு. தொட்டிலில் கைக்குழந்தை. அடுப்பு, வால்வு, வளைவு எல்லாம் தடவி முடித்து, ஒரு குமிழிகூட இல்லை என்று கையெழுத்துப் போடப் பேனாவை எடுத்திருக்கிறார். அந்த வீட்டுப் பெண், இங்கே லேசாக வாசனை வருகிற மாதிரி இல்லையா என்று கேட்டிருக்கிறாள். சுவருக்குள் போகிற குழாயில் கசிவு. ஆமாம், அதைத்தான் கடைசியில் பார்க்கலாம் என்றிருந்தேன் என்று இவர் சொன்னாராம். அவள் நன்றி சொல்லி டீ கொடுத்தாளாம். "வெந்நீர் மாதிரி இருந்துச்சு" என்றார். அன்றிலிருந்து சரியாகத் தூங்கவில்லை, வாசனை இன்று வரும் நாளை வரும் என்று காலையில் எழுந்ததும் முதலில் சோப்புக் கட்டியை மோந்து பார்ப்பதாகச் சொன்னார்.

எனக்குத் திட்ட வேண்டும் போலிருந்தது, திட்டவும் செய்தேன். முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைக்கிறீர்களே, அது யார் வீட்டுச் சோறு என்று பார்த்தீர்களா என்றேன். நாளைக்கு அந்த நாற்பது பிள்ளைகளுக்கு நடுவே நானும் நிற்பேன் என்றேன். அவர் தலையாட்டிக்கொண்டே இருந்தார். அழுதுவிடுவாரோ என்று பயமாக இருந்தது. ஆனால் அவர் டூனாத் துண்டை எடுத்து ஒரு கடி கடித்து, மெதுவாக மென்றார்.

"ஓரம் நொறுங்குது. நடுவுல மெத்துன்னு இருக்கு. உப்பு இருக்கு" என்றார். "மீதியை நீ சொல்லு. எப்படி இருக்கும் இது?"

அப்போதுதான் நான் இன்னும் ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை என்பது எனக்கே தெரிந்தது. ஒரு துண்டு எடுத்து வாயில் வைத்தேன். சொல்லத் தெரியவில்லை. மீன் வாசம் என்றால் வறுத்த மீன் இல்லை, இன்னும் அடக்கமானது. சீஸ் சிவந்த இடத்தில் வறுத்த கடலை மாதிரி ஏதோ இருக்கிறது. வெங்காயம் இனிக்கிறது. அடியில் வெண்ணெய், அது கடைசியில்தான் வருகிறது. ஒவ்வொன்றாகத் தேடித் தேடிச் சொன்னேன். அவர் கண்ணை மூடிக்கொண்டு, வீட்டுப்பாடம் கேட்கிற பிள்ளையைப் போலக் கேட்டார். வெண்ணெய் கடைசியிலா என்று ஒருமுறை திருப்பிக் கேட்டார். ஆமாம் என்றேன்.

பிறகு போனை எடுத்தார். சூப்பர்வைசரின் எண்ணைத் தேடி, அழுத்தி, ஸ்பீக்கரில் போட்டு மேசைமேல் வைத்தார். நான்கு முறை அடித்த பிறகு எடுத்தார்கள்.

"அண்ணே, நாளைக்கு ஸ்கூலுக்கு வேற ஆளைப் போடுங்க. கருவியையும் கொடுத்து அனுப்புங்க."

ஏன், உடம்பு சரியில்லையா என்று அந்தப் பக்கம் கேட்டது. இவர் தட்டில் மிச்சமிருந்த துண்டை இரண்டு கையாலும் எடுத்து மூக்கின் அருகில் கொண்டுபோனார். உதட்டு மேல் சீஸ் படுகிற அளவுக்கு நெருக்கமாக வைத்துக்கொண்டு, நெஞ்சு விரிய, தோள் எழும்ப, ஒரு நீண்ட மூச்சை உள்ளே இழுத்தார். இழுத்த மூச்சை விடாமல் அப்படியே வைத்திருந்தார். லைன்ல இருக்கியா, லைன்ல இருக்கியா என்று போன் கேட்டுக்கொண்டிருந்தது.