தார்பாய்க்குள் பூந்தி

மழை பிடித்த நாளிலிருந்து தேவயானிக்கு ஒரே கவலை, பூந்தி போய்ச் சேர்ந்துவிடக் கூடாது என்பதுதான். திண்டிவனம் சந்தையில் ஆசைப்பட்டு வாங்கிய வெள்ளை முயல் அது. புருஷன் ராஜவேலு சொல்லிவிட்டான்: "இந்தக் கார்த்திகைக் குளிரு தாங்காது. செத்துக்கித்துப் போறதுக்குள்ள நம்ம சின்னதுரைக்குக் குடுத்துடலாம். அவனாவது கொழம்பு வெச்சித் தின்னுவான்." சின்னதுரை அவனுடைய சித்தப்பா மகன். ஞாயிற்றுக்கிழமை வருவதாகப் போனிலேயே சொல்லிவிட்டான், பாவி.

குளிர்தானே? தேவயானிக்குத் தெரியாத வித்தையா! கோழி குஞ்சு பொரித்தால் கூடைக்குள் குண்டு பல்பைத் தொங்கவிட்டு மேலே சாக்கைப் போடுவாள். ஒரு குஞ்சும் குளிரில் போனதில்லை. சனிக்கிழமை விடியலில் தூறல் விழுந்ததும் அதே பல்பை வாசலில் இருந்த முயல் கூண்டில் மாட்டி, மல்லாட்டை, அதான் வேர்க்கடலை, காயவைக்கிற தார்பாயைச் சுற்றிலும் இறுக்கிக் கட்டினாள். அப்புறம் நிம்மதியாக வயலுக்குப் போய், தேங்கிய தண்ணீரை வெட்டிவிட்டுக்கொண்டிருந்தாள்.

கார்த்திகை வானத்தை நம்ப முடியுமா? மேகம் விலகிப் பளீரென்று வெயில் அடித்தது பாருங்கள், அவளுக்கு முதுகு சுரீரென்றது. "ஐயையோ, பூந்தி!" மண்வெட்டியை அப்படியே போட்டுவிட்டு ஓடினாள்.

தார்பாய் வாசலில் கிடந்தது. சொசைட்டிக்குப் பால் ஊற்றிவிட்டு வந்த ராஜவேலு, முயலை மடியில் கிடத்தி ஈரத்துணியால் அதன் காதுகளை ஒற்றிக்கொண்டிருந்தான். அது வாயைத் திறந்து இரைத்துக்கொண்டிருந்தது.

"இன்னாம்மா இது, அவிச்சி வெச்சிக்கீற?" என்றான். "மாட்டு டாக்டருக்குப் போன் போட்டேன். முயலு குளுர தாங்கிக்குமாம், சூடுதான் ஆவாதாம். நனையாம, காத்தோட்டமா வெச்சிக்கினா போதும்னாரு."

"நானே கொன்னுட்டிருப்பேனேங்க..."

"கத்தாத. அது பயப்படுது."

மத்தியானத்துக்குள் பூந்தி தண்ணீர் குடித்து, காய்ந்த மல்லாட்டைக் கொடியையும் கடித்தது. தேவயானிக்கு உயிர் வந்தது. ராஜவேலு பல்பைக் கழற்றி எறிந்துவிட்டு, சாரல் அடிக்கிற பக்கம் மட்டும் தார்பாயைக் கட்டினான். ஆனால் சின்னதுரையைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. அவளுக்கும் கேட்கத் தைரியம் வரவில்லை.

ஞாயிற்றுக்கிழமை சின்னதுரை பையோடு வந்து நின்றான். தேவயானி போய்க் கூண்டை மறைத்துக்கொண்டு நின்றாள்.

"இன்னாண்ணா, ரெடியா?"

"ஒடம்பு சரியில்லடா அதுக்கு," என்றான் ராஜவேலு. "டாக்டரு பாத்துக்கினு இருக்காரு. தின்னா ஒனக்கு ஆவாது."

சின்னதுரை கூண்டை எட்டிப் பார்த்தான். உள்ளே பூந்தி மொறுமொறுவென்று கொடியை மென்றுகொண்டிருந்தது. "நல்லாத்தான தின்னுக்கினு கீது?"

"அதான்டா வியாதியே," என்றான் ராஜவேலு, முகத்தில் சிரிப்பே இல்லாமல்.

அந்த நிமிஷம் புருஷன்மேல் தேவயானிக்கு அப்படியொரு ஆசை வந்தது. முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு அடுப்பங்கரைக்குள் ஓடினாள்.