சூடா ஆரஞ்சு

பெரியாஸ்பத்திரியில் முப்பத்துநாலு வருசம் நர்சாக இருந்துவிட்டு மலையம்மாள் ஓய்வு பெற்றபோது, பூனாவில் வேலை பார்க்கும் மகள் ஆர்த்திகா ஒரு சின்ன ஓவனை வாங்கி அனுப்பினாள். கேக், பிஸ்கட் என்று எதையாவது செய்து பழகினால் அம்மாவுக்குப் பொழுது போகும் என்று நினைத்தாள். மலையம்மாளுக்கு முட்டை அடிக்கவும் மாவு சலிக்கவும் பொறுமை இல்லை. ஓவனோடு வந்த சமையல் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் இருந்ததுதான் சுலபமாகப் பட்டது. பழத்தை இரண்டாக நறுக்கி, மேலே சர்க்கரையும் வெண்ணெயும் வைத்துச் சுட வேண்டும். அவ்வளவுதான்.

முதலில் சாத்துக்குடியில் செய்து பார்த்தார். கசந்தது. பிறகு தோல் இறுக்கமான பெரிய ஆரஞ்சு வாங்கி வந்தார். குறுக்கே நறுக்கி, விதையை எடுத்து, கத்தி நுனியால் ஒவ்வொரு சுளையையும் தோலிலிருந்து லேசாக விடுவித்து, நாட்டுச்சர்க்கரை ஒரு ஸ்பூன், சுக்குப்பொடி ஒரு சிட்டிகை, சுண்டைக்காய் அளவு வெண்ணெய் வைத்தார். பதினைந்து நிமிடத்தில் சர்க்கரை உருகிச் சாற்றோடு சேர்ந்து கொப்பளித்தது. ஓரம் கருகத் தொடங்கும்போது எடுத்து, ஒரு பாதியைச் சூடாகச் சாப்பிட்டார். நன்றாக இருந்தது. இன்னொரு பாதியை யாருக்குக் கொடுப்பது என்றுதான் தெரியவில்லை.

கணவர் இறந்து ஏழு வருசம் ஆகியிருந்தது. கே.கே. நகரில் பக்கத்து வீட்டுக்காரர்கள் நல்லவர்கள்தான். தண்ணீர் வராவிட்டால் விசாரிப்பார்கள், குழாய் ரிப்பேருக்கு ஆள் நம்பர் தருவார்கள். அதற்கு மேல் ஒன்றும் இல்லை.

அன்னக்கொடி பழக்கமானது பூங்காவில். காலையில் நடந்துகொண்டிருந்தவர் திடீரென்று தலையைப் பிடித்துக்கொண்டு பாதையிலேயே உட்கார்ந்துவிட்டார். பின்னால் வந்த மலையம்மாள் அவரைக் கைத்தாங்கலாகத் தன் வீட்டுக்குக் கூட்டி வந்து, பிரஷர் பார்த்து, படுக்க வைத்தார். ஒரு மணி நேரம் கழித்து எழுந்த அன்னக்கொடி வெறும் வயிற்றோடு இருப்பதாகச் சொல்ல, முந்திய நாள் வாங்கிய ஆரஞ்சை ஓவனில் வைத்துக் கொடுத்தார். பழத்தைப் போய் யாராவது சுடுவார்களா என்று சிரித்துக்கொண்டே அன்னக்கொடி சாப்பிட்டார்.

அதற்குப் பிறகு ஒவ்வொரு வியாழக்கிழமையும் நாலு மணிக்கு வந்தார். வீட்டில் சாய்பாபா கோயிலுக்கு என்று சொல்லிவிட்டுக் கிளம்புவார். பொய் ஆகிவிடக் கூடாது என்று கோயிலில் ஐந்து நிமிடம் நின்று திருநீறு பூசிக்கொண்டு, வழக்கமாகக் கூட்டிப்போகும் மொக்கைச்சாமியின் ஆட்டோவிலேயே இங்கே வந்துவிடுவார்.

மூன்றாவது வாரம் அன்னக்கொடி ஊரை விசாரித்தார். கொட்டாம்பட்டிப் பக்கம் என்றார் மலையம்மாள். அங்கே எந்தத் தெரு, யார் வகையறா என்று அடுத்த கேள்வி வந்தது. வேலையில் சேர்ந்த நாளிலிருந்து பலரும் மலையம்மாளிடம் கேட்டு வரும் கேள்விதான். சுற்றி வளைக்காமல் பதில் சொன்னார்.

"காலனிதான். எங்க அப்பாவும் அம்மாவும் அடுத்தவுக வயல்ல கூலிக்குப் போனவுக."

அன்னக்கொடி குனிந்து, பழத்தோலின் அடியில் தேங்கியிருந்த சாற்றை ஸ்பூனால் வழித்தார். அவருடைய சனம் உசிலம்பட்டிப் பக்கம் நிலபுலத்தோடு இருந்தவர்கள் என்பது மலையம்மாளுக்கு அவர் பேச்சிலிருந்து முதல் நாளே தெரியும். சாறு தீர்ந்த பிறகும் ஸ்பூன் கொஞ்ச நேரம் தோலைச் சுரண்டியது.

"இன்னொரு பாதி இருக்காக்கா?" என்று கேட்டார் அன்னக்கொடி. அதுவரை சிஸ்டர் என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தவர்.

ஆனால் கிளம்பும்போது, செருப்பை மாட்டியபடி, முகத்தைப் பார்க்காமல், தன் வீட்டுக்கு அவரைக் கூப்பிட முடியாது என்றும், வீட்டுக்காரர் சம்மதிக்க மாட்டார் என்றும், போனும் பண்ண வேண்டாம் என்றும் சொன்னார். தப்பாக நினைக்கவில்லை என்று மலையம்மாள் பதில் சொன்னார். இனி கதவைத் திறக்கவே கூடாது என்றுகூட நினைத்தார். அடுத்த வியாழக்கிழமை மூன்றரை மணிக்கே ஆரஞ்சை நறுக்கி வைத்துவிட்டு வாசலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இப்படி ஒன்றரை வருசம் போனது. பேசுவது பெரும்பாலும் அன்னக்கொடிதான். சென்னையில் இருக்கும் மகன், மருமகளின் சமையல், மூட்டுவலி, டிவி சீரியல். கணவர் நல்லகாமனுக்குச் சிம்மக்கல்லில் சாக்கு, கயிறு மொத்த வியாபாரம். ராத்திரி வந்து சாப்பிட்டுவிட்டு நியூஸ் போட்டுவிடுவார். "சுவத்துக்கும் காது இருக்கும்பாக. எங்க வீட்டுச் சுவத்துக்கு ஒரு வாயும் இருந்தா நல்லாருக்கும்க்கா" என்று ஒரு நாள் சொல்லிவிட்டு அவரே சிரித்தார்.

கிளம்பும் முன் மலையம்மாள் அவருக்குப் பிரஷர் பார்ப்பார். பங்குனி மாதக் கடைசி வியாழக்கிழமை அது நூற்று எழுபதைத் தாண்டி நின்றது. நாளைக்கே டாக்டரைப் பார்க்கச் சொன்னார். அழகர் ஆற்றில் இறங்கும் சமயம் வீடு நிறையச் சொந்தக்காரர்கள் வருவார்கள், திருவிழா முடியட்டும் என்றார் அன்னக்கொடி.

திருவிழா முடிந்தது. அந்த வியாழக்கிழமை அவர் வரவில்லை. விருந்தாளிகள் இன்னும் போகவில்லை போல என்று மலையம்மாள் நினைத்துக்கொண்டார். அடுத்த வாரமும் வரவில்லை. போனைக் கையில் எடுத்து, நம்பரைப் பார்த்து, கீழே வைத்தார். அதற்கடுத்த வாரம் பூங்காச் சுவரில், பாதி கிழிந்த கண்ணீர் அஞ்சலி போஸ்டரில் அன்னக்கொடியின் படம் இருந்தது. பட்டுச்சேலையில், மலையம்மாள் பார்த்திராத ஒரு முகத்தோடு இருந்தார். கீழே மகன், மருமகள், கொழுந்தன்மார், மாமன் மச்சான் என்று வரிசையாகப் பெயர்கள். காரியம் முந்தாநாளே முடிந்திருந்தது.

வீட்டுக்கு வந்து ஆர்த்திகாவைக் கூப்பிட்டார். அன்னக்கொடி இறந்துவிட்டார் என்று சொன்னதும், யாரும்மா அது என்று மகள் கேட்டாள். அப்போதுதான் அந்தப் பெயரை இதுவரை யாரிடமும் சொன்னதில்லை என்பது மலையம்மாளுக்கு உறைத்தது. வேண்டியவுக என்று மட்டும் சொன்னார். மீட்டிங்கில் இருப்பதாகவும் அப்புறம் கூப்பிடுவதாகவும் மகள் சொன்னாள்.

வார்டில் எத்தனையோ சாவைப் பார்த்தவர். செத்தவர்களின் சொந்தக்காரர்களைத் தோளில் சாய்த்து அழவிட்டவர். தனக்கு ஒரு சாவு வந்தபோது போய் நிற்க ஒரு வாசல் இல்லை. அன்றே கையைப் பிடித்து டாக்டரிடம் இழுத்துப் போயிருக்கலாமே என்ற நினைப்பு, அடுப்படியில் நிற்கும்போதெல்லாம் வந்தது. ஓவனின் மேல் ஒரு துணியைப் போட்டு மூடினார்.

ஆடி மாதத்தில் ஒரு நாள் காலை மொக்கைச்சாமியின் ஆட்டோ வாசலில் வந்து நின்றது. வெள்ளை வேட்டி கட்டிய, தாடி வளர்ந்த ஒருவர் இறங்கினார். கேட்டுக்கு வெளியே நின்றபடியே, தான் அன்னக்கொடியின் வீட்டுக்காரர் என்றார். மலையம்மாள் கேட்டைத் திறந்தார். உள்ளே வாருங்கள் என்று சொல்லலாமா கூடாதா என்று தெரியாமல் நின்றார்.

"எல்லாம் விசாரிச்சுட்டுத்தான் வந்தேன்" என்றார் நல்லகாமன். உள்ளே வந்து, ஹாலில் இருந்த நாற்காலியின் நுனியில் உட்கார்ந்தார்.

அவர் வந்த காரியம் ஒரு கேள்விதான். ஆஸ்பத்திரியில் கடைசி ஐந்து நாளும் அன்னக்கொடிக்கு நாக்குக் குழறியது. புரிந்தது இரண்டே வார்த்தை. சூடா, ஆரஞ்சு. நர்ஸிடம் கேட்டு, ஆரஞ்சு பிழிந்து, வெந்நீர் கலந்து கொடுத்துப் பார்த்தார்கள். முகத்தைத் திருப்பிக்கொண்டார். சாற்றைச் சுட வைத்தும் கொடுத்துப் பார்த்தார்கள். அதையும் துப்பிவிட்டார். புத்தி பேதலித்துப் பேசுவதாக மகன் சொன்னான். அவரும் அப்படித்தான் நினைத்தார். போன வாரம் எதற்கோ ஆட்டோவில் போனபோது இந்தப் பேச்சு வந்தது. மொக்கைச்சாமி வண்டியை ஓரம் நிறுத்தி, வியாழக்கிழமை விஷயத்தைச் சொல்லியிருக்கிறார்.

"அது என்னன்னு எனக்குத் தெரியணும்" என்றார்.

வீட்டில் இரண்டு ஆரஞ்சு இருந்தது. மலையம்மாள் துணியை எடுத்துவிட்டு ஓவனைப் போட்டார். ஒரு பழத்தை நறுக்கி, சர்க்கரையும் வெண்ணெயும் வைத்து உள்ளே தள்ளினார். பதினைந்து நிமிடமும் அடுப்படியிலேயே நின்றார். வெண்ணெயும் சுக்கும் மணக்க, ஒரு பாதியைத் தட்டில் வைத்து, ஸ்பூனோடு அவர் முன்னால் ஸ்டூலில் வைத்தார். கையில் கொடுக்கவில்லை. தொடாமல் போனாலும் போகட்டும் என்று தள்ளி நின்றார்.

நல்லகாமன் தட்டைப் பார்த்துக்கொண்டே இருந்தார். ஆவி அடங்கத் தொடங்கியது. பிறகு எடுத்து மடியில் வைத்துக்கொண்டு சாப்பிட்டார். ஒவ்வொரு சுளையாக, கடைசிவரை சாப்பிட்டார்.

"இம்புட்டுத்தானா" என்றார். "இத வாங்கிக் குடுக்க முடியாமப் போச்சே."

சற்றுக் கழித்து, தன்னைப் பற்றி ஏதாவது சொல்வாளா என்று கேட்டார். செத்துப்போனவரைப் பற்றி நல்லதாக நாலு வார்த்தை சொல்லி அனுப்புவது மலையம்மாளுக்குப் பழகிய வேலைதான். இவரிடம் அப்படிச் சொல்ல மனம் வரவில்லை.

"பேச்சுத் துணைக்கு ஆள் இல்லன்னு சொல்வாக."

அவர் தலையை ஆட்டினார். கோபப்படவில்லை.

மலையம்மாளுக்கும் கேட்க வேண்டியது இருந்தது. எந்தப் பக்கம் கைகால் விழுந்தது, வலதா இடதா என்று கேட்டார். எத்தனை மணிக்கு, நினைவு இருந்ததா, கண்ணைத் திறந்து பார்த்தாரா, யார் பக்கத்தில் இருந்தது. நல்லகாமன் ஒவ்வொன்றுக்கும் பதில் சொன்னார். வலது பக்கம். விடியக்காலை பல் விளக்கும்போது. மூன்றாம் நாள் தன் கையைப் பிடித்துக்கொண்டாள். மாத்திரை ஒழுங்காகப் போட்டாளா என்றே தனக்குத் தெரியாது என்றபோது அவர் குரல் உடைந்தது. பிரஷர் ஏறியிருந்ததைத் தான் பார்த்ததாகவும், வற்புறுத்தாமல் விட்டுவிட்டதாகவும் மலையம்மாள் சொன்னார். சொல்லிவிட்டு, அத்தனை நாளும் வராத அழுகையை அழுதார். அவர் எழுந்து போகாமல், தட்டை மடியில் வைத்தபடி உட்கார்ந்திருந்தார்.

போகும்போது செய்முறையை ஒரு தாளில் எழுதி வாங்கிக்கொண்டார். கீழே போன் நம்பரையும் எழுதச் சொன்னார். வீட்டுக்கு வாருங்கள் என்று சொல்லவில்லை. சொல்ல வாயெடுத்தது போல இருந்தது. "வாரேன்" என்று மட்டும் சொல்லி ஆட்டோவில் ஏறினார்.

ஆவணியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் தெரியாத நம்பரிலிருந்து போன் வந்தது. நல்லகாமன். டவுனில் ஒரு ஓவன் வாங்கியிருப்பதாகவும், வெண்ணெய் வழிந்து புகைவதாகவும் பதற்றத்தோடு சொன்னார். பழத்தைக் கம்பி மேல் வைக்காமல் ஒரு தட்டில் வைத்து உள்ளே தள்ளச் சொன்னார் மலையம்மாள். சூட்டையும் குறைக்கச் சொன்னார். ஏதோ உருளும் சத்தம் கேட்டது. புகை நின்றுவிட்டது என்றார். இன்னும் பத்து நிமிசம் ஆகும் என்றார் மலையம்மாள்.

"வச்சிராதீக" என்றார் அவர். "ஆகுற வரைக்கும் இருங்க."

மலையம்மாள் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்தார். அந்தப் பக்கம் ஒரு மின்விசிறி கடகடவென்று சுற்றிக்கொண்டிருந்தது. தெருவில் யாரோ கீரை விற்றுப் போனார்கள், அங்கேயா இங்கேயா என்று தெரியவில்லை. ஒரு தடவை அவர் இருமினார். இருக்கீகளா என்று கேட்டார். இருக்கேன் என்றார் மலையம்மாள்.

கடைசியில் அந்தப் பக்கம் ஓவன் மணி அடித்தது.

"துணி புடிச்சு எடுங்க" என்றார் மலையம்மாள். "தட்டு கொதிக்கும்."