கூலிக்கு அரைத்த கிழங்கு

வெண்ணந்தூருக்கு வெளியே, ஜவ்வரிசி ஆலை வாசலில் டிராக்டர்கள் வழியை அடைத்து நின்றன. ஜாக்குலின் காரைவிட்டு இறங்கி நடந்தாள். பிடுங்கிய மரவள்ளிக் கிழங்கு இரண்டொரு நாளில் கறுத்துவிடும். புளித்த வாடை அப்போதே கிளம்பியிருந்தது.

விவசாயிகளே பங்கு போட்டு ஆரம்பித்த கம்பெனி அது. பங்குதாரராக இருந்த அவளுடைய அப்பா இறந்த பிறகு, இயக்குநர் குழுவில் ஒரு பெண் வேண்டும் என்ற கம்பெனி விதிக்காக அவளைச் சேர்த்துக்கொண்டார்கள். சேலத்தில் தையல் பள்ளி நடத்திய ஜாக்குலின் கூட்டத்துக்கு வருவாள், காட்டிய இடத்தில் கையெழுத்துப் போடுவாள், காபி குடித்துவிட்டுத் திரும்புவாள்.

"ஏனுங்க, எப்பத்தான் எடை போடுவீங்க?" என்று டிராக்டரிலிருந்து இறங்கி வந்து மறித்தாள், கிழங்கு கொண்டுவந்திருந்த விவசாயி ராசாத்தி.

"மெஷின் ரிப்பேர்னு சொன்னாங்களே."

"ரிப்பேரெல்லாம் இல்லீங்க. கவர்மெண்டு வெச்ச வெலைக்குக் கொறைச்சு வாங்குனா கேசாம். அந்த வெலைக்கு வாங்குனா ஆலைக்கு நட்டமாம். அதான் கேட்டைச் சாத்திட்டு, சேர்மன் மச்சான் மாதேஸ்வரன் ஆலைக்குப் போகச் சொல்றாங்க. அங்க பில்லு கெடையாது, பாதி வெலைதானுங்க."

மாடியில் கூட்டம் தொடங்கியிருந்தது. சேர்மன் வேலுசாமி தீர்மானத்தைப் படித்தார்: மாதேஸ்வரனின் ஆலை கிழங்கை அரைத்தெடுத்த ஈரமாவை வாங்குவது, அவர் அரசு விலைக்கு எடுத்த கிழங்கு என்பதால் முழு விலை கொடுப்பது.

ஜாக்குலின் காகிதத்தைத் தள்ளிவைத்தாள். "நம்ம ஆளுங்க கிழங்கைப் பாதி விலைக்கு வாங்கி, நமக்கே முழு விலைக்கு விக்கிறாரா?"

"வெளிய ஆயிரம் பேசுவாங்க அம்மிணி. கையெழுத்தப் போட்டுட்டு சாப்புட வாங்க."

மற்றவர்கள் செல்போனைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். "நான் போடலைங்க. மறுத்தேன்னு எழுதுங்க" என்றாள். மற்ற எல்லாக் கைகளும் உயர்ந்தன. தீர்மானம் நிறைவேறியது. அதற்குமேல் அவளால் உட்கார முடியவில்லை. நேரே வாசலுக்கு வந்து, நடந்ததை எல்லோருக்கும் சொல்லிவிட்டாள்.

விவசாயிகளின் புகார் கலெக்டருக்குப் போனது. அரசு விலைக்குக் குறைத்துக் கிழங்கு எடுத்ததற்காக அதிகாரிகள் வந்து இரண்டு ஆலைகளுக்கும் சீல் வைத்தார்கள். நியாயம் கிடைத்தது என்று அவள் நினைத்திருந்தபோது ராசாத்தி போன் செய்தாள்.

"நீங்க வாயத் தொறக்காம இருந்திருந்தா பாதி வெலையாச்சும் வந்திருக்குமுங்க. இப்பக் கேக்கறதுக்கு ஆளே இல்ல. புடுங்காத கெழங்கும் காட்டுலயே கெடந்து வீணாப்போகுது."

ஞாயிற்றுக்கிழமை பூசையில் முழந்தாளிட்டவளுக்கு ஜெபம் ஓடவில்லை. அந்தக் குரலே காதில் நின்றது. மறுநாளே கிளம்பி, ஊர் ஊராகப் பங்குதாரர்களைப் பார்த்தாள். பொதுக்கூட்டம் கூடியது. வேலுசாமி பதவியிழந்தார். அரசு விலைக்குக் குறைத்து வாங்குவதில்லை என்று எழுதிக்கொடுத்ததும் சீலும் அகன்றது. சேர்மன் நாற்காலியில் அவளையே உட்காரவைத்தார்கள்.

உட்கார்ந்த பிறகுதான் புரிந்தது, வேலுசாமி ஒரு விஷயத்தில் பொய் சொல்லவில்லை. ஜவ்வரிசி விற்கிற விலைக்கு, அரசு சொன்ன விலையில் கிழங்கு வாங்கினால் ஆலை மூழ்கிவிடும். குறைத்தால் மறுபடி சீல். தன் அறைக்கும் மாவு காயும் களத்துக்குமாக நடந்து நடந்து கால் வலித்தது. கடைசியில் விவசாயிகளையே அழைத்தாள்.

"நாம கிழங்கை வாங்கவே வேண்டாம். வாங்கலைன்னா விலைக் கேசும் இல்லை. கூலிக்கு அரைச்சுக் குடுப்போம். மாவு உங்களுது. காஞ்சதும் குடோன்ல இருக்கட்டும், விலை வர்றப்ப வித்துக்குங்க."

"வெல வராட்டி?" என்றாள் ராசாத்தி.

"தெரியலை, ராசாத்தி. வரும்னு என்னால சொல்ல முடியாது."

ராசாத்தி முந்தானையை இழுத்துச் செருகினாள். "கெழங்கா அழுகிப்போறதுக்கு மாவா இருக்கறது தேவலைங்க. நாளைக்கு ஒரு லோடு கொண்டாறேன்."

சிலர் அவளோடு சேர்ந்தார்கள். சிலர் நம்பாமல் மீதிக் கிழங்கை உழுது புதைத்தார்கள். முதலில் அரைத்த மாவு சுமாரான விலைக்குப் போனது. மீதி மூட்டைகள் இன்னும் குடோனில்தான் இருக்கின்றன. காலையில் எழுந்ததும் ஜாக்குலின் செல்போனில் மாவு விலையைத்தான் முதலில் பார்க்கிறாள்.